சங்கிலி போட்ட கிரேனுக்கு இரண்டு சொந்தக்காரர்கள்

உட்காரச் சொல்லியும் பஞ்சர் கடைக்காரி உட்காரவில்லை. கையோடு கொண்டுவந்த காகிதக் கட்டை மேஜைமேல் போட்டாள். போட்ட வேகத்தில் பேனாக்கள் நின்ற டம்ளர் ஆடியது.

"இன்னிக்கு மூணு மணிக்குக் கோர்ட்டு. அதுக்குள்ள இது பொய்னு யாராவது கண்டுபிடிச்சுக் குடுக்கணும். முடியாதுன்னா இப்பவே சொல்லிடுங்க. கடையில நாலு டயர் காத்துக்கிட்டு இருக்கு."

ரேடியோ சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தான். மணி ஒன்பதரை.

"முடியும்னு சொன்னா உக்காருவீங்களா? நிக்கறவங்களைப் பாத்தா எனக்குக் கால் வலிக்குது."

அவள் சிரிக்கவில்லை. ஆனால் உட்கார்ந்தாள்.

ரேடியோ என்பது பெற்றவர்கள் வைத்த பெயர் இல்லை. வாய் ஓயாததால் கோர்ட்டில் ஒட்டிக்கொண்ட பெயர். பதினொரு வருடம் அங்கே டைப்பிஸ்டாக இருந்தவன், ஒருநாள் சாட்சி சொன்னதோடு நீதிபதி கொட்டாவி விட்டதையும் சேர்த்து டைப் அடித்தான். அன்றோடு வேலை போயிற்று. மறுவாரமே சர்வேயர் அவனைக் கூப்பிட்டனுப்பினார். கொட்டாவியைக்கூட விடாமல் கவனிக்கிற ஆள்தான் தனக்கு வேண்டும் என்றார்.

சர்வேயரும் நிலம் அளக்கிற சர்வேயர் இல்லை. ஓர் இன்சூரன்ஸ் கம்பெனிக்காக இருபது வருடம் நசுங்கின வண்டிகளைச் சுற்றிச் சுற்றி வந்த அம்மாள். எந்தப் பள்ளம் விபத்தில் விழுந்தது, எந்தப் பள்ளம் விபத்துக்கு மறுநாள் சுத்தியலால் விழுந்தது என்று விரலால் தடவியே சொல்லிவிடுவார். இப்போது மருந்துக்கடை மாடியில் இரண்டு அறை, ஒரு மேஜை, ஒரு ரேடியோ. அவ்வளவுதான் அவருடைய துப்பறியும் நிறுவனம்.

"முதல்ல இருந்து சொல்லுங்க," என்றார் சர்வேயர்.

அவள் கணவர் கிரேன் ஓட்டியவர். இரண்டு வருடத்துக்கு முன்னால் ஒரு கட்டட வேலையில், தூக்கிய பாரத்தோடு இரும்புக் கயிறு அறுந்தது. பாரம் நேராக அவர் உட்கார்ந்திருந்த கூண்டின்மேல் விழுந்தது. கிரேனின் சொந்தக்காரரான காண்ட்ராக்டர் அவளுக்கு நஷ்டஈடு கொடுக்க வேண்டும் என்று கோர்ட் தீர்ப்புச் சொல்லிவிட்டது. ஆனால் தீர்ப்பு வந்த நாளில் காண்ட்ராக்டரிடம் ஒன்றுமே இல்லை. வீடு மனைவி பெயரில், கார் மகன் பெயரில். மிச்சம் இருந்தது அந்தக் கிரேன் ஒன்றுதான். அதை ஜப்தி செய்து ஏலம்விடச் சொல்லிக் கோர்ட் உத்தரவு போட்டது. போன வாரம் கோர்ட் அமீனா போய்ச் சக்கரத்தில் சங்கிலி போட்டு, பூட்டி, சீல் வைத்து, நோட்டீசும் ஒட்டிவிட்டு வந்தார்.

"சங்கிலி போடறப்போ அவன் மச்சினனும் அங்கதான் நின்னுக்கிட்டு இருந்தான். இரும்புக்கடை வெச்சிருக்கானே, அந்த ஆளு. ஒரு வார்த்தை பேசலை. மூணு நாள் கழிச்சுக் கோர்ட்ல வந்து, ஐயோ அது என் கிரேனாச்சேங்கறான்."

"சின்னப் பொருள்தானே," என்றான் ரேடியோ. "சட்டைப் பையில இருந்து நழுவி விழுந்திருக்கும். மூணு நாள் கழிச்சுத்தான் தடவிப் பாத்திருப்பாரு."

சர்வேயர் அதற்குள் காகிதங்களைப் படித்து முடித்திருந்தார். மைத்துனர் போட்ட ஆட்சேபணை மனு. மூன்று வருடத்துக்கு முன்பே, அதாவது விபத்துக்கு ஒரு வருடம் முன்பே, காண்ட்ராக்டரிடமிருந்து கிரேனை விலைக்கு வாங்கிவிட்டாராம். காண்ட்ராக்டர் வாடகைக்கு எடுத்து ஓட்டியவர் மட்டும்தானாம். அவர்மீதான தீர்ப்புக்காக அடுத்தவன் சொத்தில் சங்கிலி போட்டது அநியாயமாம். கூடவே நோட்டரி முத்திரையோடு விற்பனை ஒப்பந்தத்தின் நகல்.

"அந்த நோட்டரியைப் பாக்கலாமா?" என்றார் சர்வேயர்.

"போன வருஷம் செத்துட்டாரு. அவர் ஆபீஸ்ல இப்போ மொபைல் விக்கறாங்க," என்றாள் பஞ்சர் கடைக்காரி. "நானும் எல்லா இடமும் போய்ப் பாத்துட்டுத்தான் வரேன்."

"ஒரிஜினல்?"

"கோர்ட்ல குடுத்துட்டாங்க."

சர்வேயர் எழுந்து கைப்பையைத் தோளில் மாட்டினார். பஞ்சர் கடைக்காரி எழுந்திருக்கவில்லை. ஏதோ பாக்கி இருந்தது.

"மேடம், இன்னொண்ணு. தீர்ப்புல, தப்புல பாதி ஓட்டினவர்மேலன்னு எழுதியிருக்கு. அளவுக்கு மேல பாரம் ஏத்திட்டாராம். என் பொண்ணு அதை எடுத்துப் படிச்சிட்டா. படிச்சிட்டு எங்கிட்ட ஒண்ணும் கேக்கலை. கேட்டிருந்தாக்கூடப் பரவாயில்லை." சேலைத் தலைப்பில் கிரீஸ் படிந்த விரல்களைத் துடைத்தாள். "அந்த மனுஷன் கயித்துல ஒரு இழை பிரிஞ்சிருந்தாலும் வண்டியைத் தொட மாட்டாரு. பணம் வராட்டி நான் இன்னும் நாப்பது வருஷம் பஞ்சர் ஒட்டுவேன். ஆனா அவங்க ஒரு காகிதத்தைக் காட்டி ஏமாத்திட்டுச் சிரிச்சுக்கிட்டுப் போறதை மட்டும் பாக்க மாட்டேன்."

ரேடியோ எழுந்தான். கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றான்.

* * *

கோர்ட்டின் ஆவண அறையில் பழைய காகித வாசனை. பஞ்சர் கடைக்காரியின் வக்கீல் இரண்டு வாரமாகச் சளியோடு இருந்தார். மூக்கைத் துடைத்துக்கொண்டே ஃபைலைப் பார்வையிட விண்ணப்பம் எழுதிக் கொடுத்தார். ஃபைல் குமாஸ்தா ரேடியோவைப் பார்த்ததும் பழைய பாசத்தில் வாயெல்லாம் பல்லாகச் சிரித்து, வழக்குக் கட்டை எடுத்து மேஜையில் வைத்தார்.

"கைபடக் கூடாது. ஸ்டேப்ளர் பின்னைப் பிரிக்கக் கூடாது. ஏதாவது ஆச்சு, என் வேலை போயிடும்."

"போனா என்ன, எங்க ஆபீசுக்கு வந்துடுங்க. சம்பளம்தான் இருக்காது, மத்தபடி நல்ல வேலை," என்றான் ரேடியோ.

ஒப்பந்தம் இரண்டே தாள். முதல் தாளில் விற்றவர், வாங்கியவர், கிரேனின் விவரம். இரண்டாம் தாளில் நிபந்தனைகள், கையெழுத்துகள், சாட்சிகள், தேதி, முத்திரை. ரேடியோ எழுத்துருவைப் பார்த்தான், தேதியைப் பார்த்தான், கையெழுத்தைப் பார்த்தான். முத்திரை அசல். கையெழுத்தும் அசல். எல்லாம் கல்லு மாதிரி இருந்தது.

சர்வேயர் எழுத்து எதையும் படிக்கவே இல்லை. குமாஸ்தாவையே தாள்களை ஜன்னல் வெளிச்சத்துக்கு நேராகத் தூக்கிப் பிடிக்கச் சொன்னார். இடது மூலையை மட்டும் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"ரேடியோ, ரெண்டாம் தாள்ல பின் அடிச்ச இடத்துக்குக் கீழ என்ன தெரியுது?"

ரேடியோ குனிந்தான். பளபளவென்று இருந்த பின்னுக்கு அரை விரல் கீழே, ஊசிமுனை அளவில் இரண்டு ஓட்டைகள். ஓட்டையைச் சுற்றி லேசான துருக்கறை.

"பழைய பின் இருந்த இடம். துருப்பிடிச்சு, யாரோ பிடுங்கியிருக்காங்க."

"முதல் தாள்ல அதே இடம்?"

முதல் தாளில் அந்த இடம் மழமழவென்று இருந்தது. ஓட்டையும் இல்லை, கறையும் இல்லை.

ரேடியோ நிமிர்ந்தான். "ஜெராக்ஸ் எடுக்கப் பின்னைப் பிரிச்சு மறுபடி அடிச்சோம்னு சொன்னா ரெண்டு தாள்லயும் ஓட்டை இருந்திருக்கணும். இங்க ரெண்டாவதுக்கு மட்டும் ரெண்டு தடவை காது குத்தியிருக்கு. அக்கா தங்கச்சின்னு சொல்லிக்கிட்டு வந்திருக்காங்க, ஆனா ஒரே வீட்ல பொறக்கலை."

"அப்போ முத்திரை உண்மை, கையெழுத்து உண்மை," என்றார் சர்வேயர். "அந்த நாள்ல ரெண்டு பேருக்கும் நடுவுல ஒரு விற்பனை நடந்ததும் உண்மை. வித்தது மட்டும் கிரேன் இல்லை. அப்போ எதை வித்தான்?"

* * *

இரும்புக்கடையில் நல்ல வியாபாரம். ஆணி, போல்ட்டு, சங்கிலி, சுருள் சுருளாகக் கயிறு. கல்லாவில் மைத்துனர். வெள்ளைச் சட்டை, கழுத்தில் மடித்த கைக்குட்டை, ஒரு கையில் கால்குலேட்டர். ஆள் கெட்டவர் மாதிரித் தெரியவில்லை. அக்காவீட்டுக்காரர் சொன்னால் தட்ட முடியாத ஆள் மாதிரித் தெரிந்தார்.

வரும் வழியில் இருவரும் பேசி வைத்தது ஒன்றே ஒன்றுதான். ரேடியோ கல்லாமேல் முழங்கையை ஊன்றினான்.

"அண்ணே, ஒரு கிரேன் வாடகைக்கு வேணும். மாடிக்குத் தண்ணித் தொட்டி ஏத்தணும்."

"கிரேனா?" மைத்துனர் கால்குலேட்டரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "எங்கிட்ட ஏதுங்க கிரேன். அதெல்லாம் நம்ம மாமாவைத்தான்..."

கால்குலேட்டர் நின்றது.

"இல்ல, இருக்கு. எங்கிட்டயே ஒண்ணு இருக்கு. இப்போதைக்குக் கோர்ட் விவகாரத்துல மாட்டியிருக்கு. நாளைக்கு வந்துடும்."

"எத்தனை டன் தூக்கும்?"

"நல்லாத் தூக்கும்."

"நல்லா டன்னா? அது போதும்ணே, எங்க தொட்டி கொஞ்சம் சுமார் டன்தான்," என்றான் ரேடியோ.

சர்வேயர் கடை வாசலிலேயே நின்றுகொண்டிருந்தார். அங்கே ஒரு பழைய டெலிவரி வேன் நின்றது. நீலப் பெயின்ட் அடித்து, மேலே இரும்புக்கடையின் பெயர் எழுதியிருந்தது. பதினொரு மணி வெயில் பக்கவாட்டில் அடித்தபோது, நீலத்துக்கு அடியில் வேறு எழுத்துகள் மேடு மேடாக எழும்பித் தெரிந்தன. சர்வேயர் விரலை வைத்துத் தடவினார். ரேடியோவும் வெளியே வந்து எழுத்துக் கூட்டினான். காண்ட்ராக்டரின் கம்பெனிப் பெயர்.

"வேன் நல்ல கண்டிஷன்ல இருக்கே," என்றார் சர்வேயர் உள்ளே திரும்பி. "எங்க வாங்குனீங்க?"

வண்டியைப் புகழ்ந்ததும் மைத்துனரின் முகம் மலர்ந்துவிட்டது. "மாமாகிட்டதான். மூணு வருஷமா ஒரு தொந்தரவு இல்லை."

"சொந்தக்காரங்கன்னு வாய்வார்த்தையா வாங்கிடுவாங்க. பின்னால தகராறு வரும்."

"நான் அப்படி இல்லீங்க. நோட்டரிகிட்டயே போய் எழுதி..." அந்த வார்த்தையோடு அவர் குரல் தேய்ந்தது.

"அந்தப் பேப்பரைக் கொஞ்சம் பாக்கலாமா?"

"எங்கயோ இருக்கும். வீடு மாத்துனப்போ... நீங்க யாரு?"

"தொட்டி வெச்சிருக்கறவங்க," என்று சொல்லிவிட்டு ரேடியோ நடையைக் கட்டினான். தெருமுனை திரும்பியதும்தான் வாயைத் திறந்தான். "மேடம், வாங்காத கிரேனுக்கு அந்தாள்கிட்ட ரசீது இருக்கு. வாங்கின வேனுக்கு இல்லை. கிரேனுக்காகப் பிடுங்கின அந்த முதல் தாளை வெச்சிருந்தா வேனுக்காவது ரசீது மிஞ்சியிருக்கும்."

* * *

அவன் நினைத்தது வழக்கு முடிந்துவிட்டது என்று. கோர்ட் வராந்தா பெஞ்சில் வக்கீல் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு மூன்று முறை தும்மினார். பிறகு தலையை ஆட்டினார்.

"நல்ல விஷயம்தான். ஆனா அந்தப் பக்கத்து வக்கீல் எமகாதகன். ஓட்டையை நிபுணர் பாக்கணும்பான், அவகாசம் கேப்பான். அதுவரைக்கும் சங்கிலியை எடுத்துவிடச் சொல்லி ஏற்கெனவே ஒரு மனு போட்டிருக்கான். கிரேன் சும்மா நிக்குது, அடுத்தவன் பிழைப்பு கெடுதுன்னு. போன மாசம் இதே மாதிரி ஒரு கேஸ்ல நீதிபதி எடுத்துவிட்டாரு."

"எடுத்துவிட்டா?" என்றான் ரேடியோ.

"கிரேன் நிக்கற காண்ட்ராக்டரோட யார்டு வாசல்ல காலைல இருந்து ஒரு ட்ரெய்லர் வண்டி வந்து நிக்குது. நாளைக்குக் கிரேன் ஊர்ல இருக்காது."

மணி ஒன்றே முக்கால். சர்வேயர் காகிதக் கோப்பையில் டீ குடித்துக்கொண்டிருந்தார். பேசியது பஞ்சர் கடைக்காரிதான். யாரிடமும் இல்லை; எதிர்ச் சுவரிடம் பேசுகிற மாதிரிப் பேசினாள்.

"சரி, அந்தாள் சொல்றதையே வெச்சுக்குவோம். மூணு வருஷமா அது அவன் கிரேன். அப்படின்னா ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி என் வீட்டுக்காரரைக் கொன்னதும் அவன் கிரேன்தானே? அப்போ ஏன் என்னுதுன்னு ஓடி வரலை? சாவுக்கு மாமா சொந்தக்காரர், வண்டிக்கு இவன் சொந்தக்காரனா?"

சர்வேயர் கோப்பையைக் கீழே வைத்தார். கைப்பையைத் திறந்து ஆட்சேபணை மனுவை எடுத்து, ஐந்தாம் பத்தியில் விரலை வைத்தார். வாடகைக் கதையை நம்பவைக்க அந்தப் பக்கத்து வக்கீல் கொஞ்சம் தாராளமாகவே எழுதியிருந்தார்: 'மேற்படி கிரேனின் பராமரிப்பு, பழுது, கயிறு உள்ளிட்ட பாகங்களைச் சோதித்தல் யாவும் வாங்கிய நாள் முதல் மனுதாரராகிய என் சொந்தப் பொறுப்பிலேயே நடந்து வருகின்றன.' அடியில் மைத்துனரின் சத்தியம், கையெழுத்து.

"நாம எதிர்க்க வேண்டாம்," என்றார் சர்வேயர்.

வக்கீலுக்கு வந்த தும்மல் பாதியில் நின்றது.

"ஏத்துக்குவோம். கிரேன் அவருதுதான்னு நாமளே எழுந்து சொல்லுவோம்." அவர் பஞ்சர் கடைக்காரியின் பக்கம் திரும்பினார். "ஆனா நீங்க யோசிச்சுச் சொல்லணும். அந்தாள் அசராம நின்னு, ஆமா எல்லாம் என் பொறுப்புதான்னு சொல்லிட்டா கிரேன் கைவிட்டுப் போயிடும். நான் கணக்குப் போட்டிருக்கறது அவர் பயத்தைத்தான். கணக்குத் தப்பலாம்."

அவள் யோசிக்கக்கூட இல்லை.

"போகட்டும். ஆனா கயித்துக்குப் பொறுப்புன்னு ஒருத்தன் பேரு எழுத்துல ஏறும் இல்ல? இத்தனை நாளா அங்க பாதித் தப்புன்னு என் வீட்டுக்காரர் பேருதான் நிக்குது. சொல்லுங்க வக்கீல் சார், அவனுதுதான்னு சொல்லுங்க."

* * *

மூன்று மணிக்கு அறை நிறைந்திருந்தது. காண்ட்ராக்டர் கடைசி பெஞ்சில், கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். மைத்துனர் கூண்டில் ஏறினார். மனுதாரர் நான்தான், கிரேன் என்னுதுதான், மூணு வருஷமாகவே என்னுதுதான் என்று ஒப்பித்தார். கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.

நீதிபதி இந்தப் பக்கம் பார்த்தார். "குறுக்கு விசாரணை?"

வக்கீல் எழுந்தார். ஆச்சரியமாக, தும்மவில்லை.

"இல்லைங்கய்யா. மனுதாரர் சொல்றதை என் கட்சிக்காரங்க முழுசா ஏத்துக்கறாங்க. கிரேன் அவருதுதான்."

அறையில் சலசலப்பு. அந்தப் பக்கத்து வக்கீல் தன் கட்சிக்காரரையே சந்தேகமாகப் பார்த்தார். கடைசி பெஞ்சில் காண்ட்ராக்டர் புன்னகைத்தார். அந்தப் புன்னகையை ரேடியோ மனதுக்குள் டைப் அடித்து வைத்துக்கொண்டான். அதற்கு ஆயுள் அதிகம் இருக்காது என்று அவனுக்குத் தெரியும்.

"ஒரே ஒரு வேண்டுகோள். ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி, ஓட்டுநர் இறந்த அன்னிக்கும் கிரேன் மனுதாரருக்குத்தான் சொந்தம். கயிறைச் சோதிக்க வேண்டிய ஆளும் அவர்தான். அஞ்சாம் பத்தியில சத்தியம் பண்ணியிருக்காரு. அதை அவர் வாக்குமூலமாப் பதிவு பண்ணிக்கணும். அதோட நகலைப் போலீசுக்குக் கொடுக்கவும், பொறுப்பாளியா அவரையும் அவர் கடையையும் வழக்குல சேர்க்கவும் எங்களுக்கு அனுமதி வேணும்."

மைத்துனர் கைக்குட்டையைப் பிடித்தபடியே நின்றார்.

"என்ன பதிவு?" என்றார் மெதுவாக.

நீதிபதி அவரைப் பார்த்தார். "நீங்க சொன்னதைத்தான். அன்னிக்குக் கிரேன் உங்களுது, கயிறு உங்க பொறுப்பு. சரிதானே? ஆமாவா, இல்லையா?"

மைத்துனரின் கண் கடைசி பெஞ்சைத் தேடிப் போயிற்று. காண்ட்ராக்டர் கால்மேல் போட்ட காலை இறக்கியிருந்தார். 'ஆமாம்' என்று சொல்லச் சொல்லித் தலையை மட்டும் லேசாக அசைத்தார். அந்த அசைவுதான் எல்லாவற்றையும் கெடுத்தது. மாமா தன்னைக் காப்பாற்றப் போவதில்லை என்பது மைத்துனருக்கு அந்த நொடியில் புரிந்திருக்க வேண்டும்.

"இல்லைங்கய்யா. அது என் கிரேன் இல்லை."

"மாப்ளே, உளறாதே," என்று காண்ட்ராக்டர் எழுந்தேவிட்டார். "ஐயா, அவர் பயந்துட்டாரு. கிரேன் அவருதுதான். நான் வாடகைக்கு ஓட்டினவன். கயிறு, பராமரிப்பு எல்லாமே அவர் பாத்துக்கிட்டதுதான். எதுவா இருந்தாலும் அவரைக் கேளுங்க."

"நான் வாங்கினது வேன்தாங்க," மைத்துனரின் குரல் இப்போது உயர்ந்தது. "அந்தப் பேப்பர்ல முதல் தாளை இவருதான் மாத்தினாரு. சும்மா ஒரு கையெழுத்துதான் மாப்ளேன்னாரு."

"காலைல ஒரு கிரேனுக்கு ரெண்டு சொந்தக்காரங்க," ரேடியோ சர்வேயரின் காதில் முணுமுணுத்தான். "இப்போ பாருங்க, பாவம், அநாதையாயிடுச்சு."

நீதிபதி இருவரையும் அதட்டி அடக்கினார். ஒருவர் பொய் சொல்கிறார், யார் என்று எப்படித் தெரிவது என்று கேட்டார். அப்போதுதான் வக்கீல் ஒரிஜினலின் இடது மூலையைப் பார்க்கும்படி கேட்டுக்கொண்டார். நீதிபதி தாள்களை ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பார்த்தார். இரண்டாம் தாளில் துருக்கறையோடு இரண்டு ஓட்டை. முதல் தாளில் ஒன்றும் இல்லை. அவகாசம் கேட்க அந்தப் பக்கத்து வக்கீல் பாதி எழுந்தார். தன் கட்சிக்காரர் கூண்டில் நின்று, வேனோட தாளை என் கண்ணு முன்னாடிதான் கிழிச்சாரு என்று சொல்லிக்கொண்டிருப்பதைக் கேட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

உத்தரவு சொல்ல ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. ஆட்சேபணை தள்ளுபடி. கிரேன் காண்ட்ராக்டருடையதே, ஜப்தி தொடரும், அடுத்த வாரம் ஏலம். பொய்ச் சத்தியத்துக்கும் தாளை மாற்றியதற்கும் இருவர்மீதும் தனி நடவடிக்கை.

* * *

உத்தரவின் நகலுக்காகக் காத்திருந்து வாங்கிக்கொண்டு இறங்கும்போது, கோர்ட் படிக்கட்டில் காண்ட்ராக்டர் பஞ்சர் கடைக்காரியை மறித்தார். சிரிப்பை எங்கிருந்தோ தேடி எடுத்து முகத்தில் மாட்டியிருந்தார்.

"ஏம்மா, ஏலம் கீலம்னு எதுக்கு அலைச்சல்? தீர்ப்புல சொன்னதை மொத்தமா இன்னிக்கே குடுத்துடறேன். இத்தோட விட்டுடு."

"எங்கிட்ட ஒண்ணுமே இல்லைன்னு போன மாசம் சத்தியம் பண்ணீங்களே. இன்னிக்கு எங்க இருந்து வந்துச்சு?" என்றாள் அவள். அவர் வாயைத் திறக்கும் முன்னால் தள்ளி நடந்தாள்.

கீழே, மரத்தடியில், நீல வேன் உறுமிக்கொண்டு வந்து நின்றது. மைத்துனர் இறங்கினார். விசாரணை முடிந்ததும் யாரிடமும் பேசாமல் ஓடியவர், கடைக்குப் போய்த் திரும்பியிருந்தார். கையில் பழைய பில் புத்தகம் ஒன்று. நேராகச் சர்வேயரிடம் வந்தார்.

"காலைலயே நீங்க யாருன்னு தெரிஞ்சிருந்தா..." அந்தப் பேச்சை அவரே முடிக்காமல் விட்டார். புத்தகத்தைப் பிரித்து ஒரு கார்பன் நகலைக் காட்டினார். "கிரேன் கயிறு. ஓட்டினவர் செத்ததுக்கு மறுநாள் காலைல மாமா வந்து எங்கிட்ட வாங்கினது. நாலு மாசம் பழைய தேதியைப் போட்டுக் குடுன்னாரு, போட்டுக் குடுத்தேன். கயிறு புதுசு, பாரம்தான் அதிகம்னு கோர்ட்ல காட்டினது இந்தப் பில்லைத்தான்."

ரேடியோ எட்டிப் பார்த்தான். அந்த நகலில் நாலு மாதம் முந்தைய தேதி. அதற்கு முந்தின பில்லிலும் அடுத்த பில்லிலும் விபத்துக்கு மறுநாள் தேதி. மூன்றுக்கும் வரிசை எண் ஒன்றன்பின் ஒன்றாக இருந்தது.

"தேதியை எங்க வேணா அனுப்பலாம்," என்றான். "நம்பர்தான் இருந்த இடத்தைவிட்டு நகராது."

"இதைக் குடுத்தா உங்க கழுத்துக்கும் கயிறு வரும். பொய்ப் பில் போட்டது நீங்க," என்றார் சர்வேயர்.

"தெரியும் மேடம். போட்ட பில்லுக்கு நான் பதில் சொல்றேன். அந்த மனுஷன் சாவுக்கு நான் பதில் சொல்ல மாட்டேன்." அவர் பஞ்சர் கடைக்காரியைப் பார்க்க முடியாமல் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். "உங்க வீட்டுக்காரர் அதுக்கு முன்னாடி ரெண்டு தடவை என் கடைக்கு வந்தாரும்மா. கயிறு பிரிஞ்சிருக்கு, முதலாளிகிட்ட நீங்களும் ஒரு வார்த்தை சொல்லுங்கன்னாரு. நான் சொல்லலை."

அவள் திட்டவில்லை. மன்னிக்கவும் இல்லை. கையை மட்டும் நீட்டினாள். அவர் புத்தகத்தை அந்தக் கையில் வைத்தார்.

"இப்போ சொன்னீங்களே, அதைக் கூண்டுல ஏறிச் சொல்லணும்," என்றாள். "மறுபடி சொல்லாம இருந்துடக் கூடாது."

"சொல்றேன்."

அவள் வக்கீலின் பக்கம் திரும்பினாள். "சார், அந்தத் தீர்ப்புல பாதித் தப்புன்னு இருக்குற வரியை அடிக்கணும்னா எங்க மனு குடுக்கணும்?"

"மாடியில. ஆனா மணி நாலே முக்காலாச்சே. அஞ்சு மணிக்கு ஜன்னலைச் சாத்திடுவாங்க. நாளைக்கு..."

அவள் அதற்குள் பில் புத்தகத்தை இடுக்கிக்கொண்டு இரண்டிரண்டு படியாக ஏறத் தொடங்கியிருந்தாள். படியின் நடுவில் நின்றிருந்த காண்ட்ராக்டர் தானாகவே ஒதுங்கி வழிவிட்டார். வக்கீல் தும்மிக்கொண்டே பின்னால் ஓடினார். ரேடியோ அவரையும் முந்திக்கொண்டு ஓடினான். அந்த ஜன்னல்காரரைச் சாத்தவிடாமல் கால்மணி நேரம் பேச்சுக் கொடுக்க அந்தக் கட்டடத்திலேயே அவனைவிட்டால் வேறு ஆள் இல்லை.